களரி யானை

ஸமீஹாவிடம் ஒரு யானை இருந்தது. ஐந்து வருடமாக அதற்குத் தீனி போட்டு வளர்த்துவந்தாள். மேலப்பாளையத்தில் அவளைப் பார்க்கிறவர்கள் எல்லாரும், "என்னம்மா, உன் ஆனை இன்னுமா எந்திரிக்கல?" என்று கேட்டுக் கேட்டு, கடைசியில் அவர்களுக்கே அலுத்துவிட்டது. ஒருவழியாக அந்த யானைக்கு நாள் குறித்தாகிவிட்டது. வரும் வியாழக்கிழமை காலை பத்தரை மணிக்குப் பாளையங்கோட்டையில் அவள் படிக்கும் கல்லூரியில் முனைவர் பட்டத்துக்கான பொது வாய்மொழித் தேர்வு. அதில் தேறினால் அவள் டாக்டர் ஸமீஹா. ஜூன் மாதம் சேரச் சொல்லி வேறொரு கல்லூரியில் ஆசிரியர் வேலையும் தயாராக இருந்தது. பட்டம் இல்லாமல் வராதே என்றும் அங்கே தெளிவாகச் சொல்லியிருந்தார்கள்.

அது உயிருள்ள யானை இல்லை, பாட்டுக்குள் இருக்கும் யானை. ஆயிரத்து எண்ணூற்று நாற்பதுகளில் பாளையங்கோட்டையில் க்ரோன்பெர்க் என்று ஒரு ஜெர்மன் பாதிரியார் இருந்தார். அரபும் தமிழும் படித்தவர். காயல்பட்டினத்துப் பாட்டு ஒன்று அவர் கையில் கிடைத்தது. அது அரபுத் தமிழில் இருந்தது. மொழி தமிழ், எழுத்து மட்டும் அரபு. அதை ஆள் வைத்துப் பிரதி எடுத்து, ஜெர்மனில் மொழிபெயர்த்து, இரண்டையும் சேர்த்துத் தன் நாட்டுக்கு அனுப்பினார். அங்கே அதை வாசித்தவர் ரீட்லிங்கர் என்ற கவிஞர். இந்தியா பக்கம் தலைவைத்துக்கூடப் படுக்காதவர். அவருக்கு அந்தப் பாட்டு தலைக்கேறிவிட்டது. அதை வைத்து நாற்பது கண்ணிகளில் ஒரு நெடுங்கவிதை எழுதித் தள்ளினார். பாட்டின் முதல் நாலு வரி இதுதான்:

களரிக் கரியே கண்முன் வா
கமழும் அழகே கடுகி வா
மூவர் சுற்றி அமர்ந்துவிட்டோம்
மூடி திறந்து காட்சி தா

களரி என்றால் போர்க்களம். கரி என்றால் யானை. இரண்டுக்கும் அகராதியில் இடம் உண்டு. போர்க்களத்து யானையை வரச்சொல்லி மூன்று பேர் சுற்றி உட்கார்ந்து கூப்பிடுகிறார்கள். யானை யார்? மனிதனின் அடங்காத மனசு, சூஃபிகள் நஃப்ஸு என்று சொல்வது. களம் எது? மனசோடு மனிதன் நடத்தும் போர். மூவர் என்றால் அறிவும், கல்பு என்கிற இதயமும், ரூஹு என்கிற ஆன்மாவும். மூடி திறப்பது, இறைவனுக்கும் அடியானுக்கும் நடுவே உள்ள திரை விலகுவது. யானை எப்படிக் கமழும் என்று யாராவது கேட்டால், அதற்கும் ஸமீஹா பதில் வைத்திருந்தாள். மதநீர் மணக்கும் என்று பழந்தமிழ்ப் புலவர்கள் பாடியதை எல்லாம் தேடிப் பிடித்து, அதற்கென்று இருபத்திரண்டு பக்கம் எழுதியிருந்தாள்.

இந்த வழியை முதலில் வெட்டியவர் அவளுடைய நெறியாளர் வேதநாயகம். ஜெர்மனிக்கே போய், நூலகத்தில் உட்கார்ந்து, பாதிரியாரின் பிரதியைக் கண்டெடுத்து வந்தவர். முப்பத்தோரு வருடத்துக்கு முன்னால் அந்த யானையைப் பற்றி முந்நூற்றுப் பன்னிரண்டு பக்கத்தில் ஒரு புத்தகம் போட்டார். அன்றிலிருந்து யார் அவரைப் பார்க்க வந்தாலும் ஒரு யானைப் பொம்மையோடுதான் வருவார்கள். சந்தனக்கட்டை, பித்தளை, சுடுமண், கண்ணாடி என்று அவர் அறையில் நாற்பது ஐம்பது நிற்கும். மாணவர்கள் அவர் இல்லாத இடத்தில் ஆனை சார் என்பார்கள். அவருக்கும் அது தெரியும். தெரிந்து உள்ளூர ரசிக்கவும் செய்வார். மே மாதம் ஓய்வு. ஸமீஹாதான் அவருடைய கடைசி மாணவி.

"பாதிரியார் பிரதிய எத்தன நாளைக்கும்மா காட்டுவ?" என்றார் அவர், திங்கட்கிழமை. "காயல்லயே ஒரு வீட்டுல இந்தப் பாட்டு பழைய ஏட்டுல இருக்குன்னு சொல்லுதாங்க. போயி ஒரு போட்டோ எடுத்துட்டு வா. கடைசில அதப் போட்டுக் காட்டினா நல்லாருக்கும்."

நல்லாருக்கும் என்றுதான் ஸமீஹாவும் நினைத்தாள். செவ்வாய்க்கிழமை காலையில் ஏரல் வழியாகப் போகும் பேருந்தில் ஏறினாள்.

அந்த வீட்டில் பாத்து என்கிறவள் இருந்தாள். வயது நாற்பத்தைந்து இருக்கும். மாப்பிள்ளைக்குச் சவூதியில், தம்மாமில் வேலை. காயலில் எந்தக் கல்யாண வீட்டில் பெண்கள் பாட்டு என்றாலும் முதல் குரல் அவளுடையதுதான். ஆராய்ச்சிக்கு ஆள் வந்திருக்கிறது என்றதும், துணி சுற்றி வைத்திருந்த பாட்டு ஏட்டை எடுத்து வந்து, மேசையில் விரித்து, பக்கத்திலேயே நாற்காலி போட்டு உட்கார்ந்துகொண்டாள்.

ஸமீஹா கைபேசியை எடுத்துப் படம் பிடித்தாள். பெரிதாக்கிப் பார்த்தாள். முதல் வரியில் இரண்டு இடத்தில் 'ரே' என்ற அரபு எழுத்துக்கு அடியில் அழுக்காக ஏதோ இருந்தது.

"லாத்தா, இங்கன ஈ எச்சம் போட்டுருக்கு. துடைக்கலாமா?"

பாத்து குனிந்து பார்த்தாள். "ஈ எச்சமா? ஈ வந்து, சரியா ரெண்டு ரேக்கு அடியில மட்டும் தேடிப் பிடிச்சு இருந்துட்டுப் போச்சாக்கும்? அது புள்ளிம்மா. புள்ளி இல்லன்னா ர, அடியில புள்ளி வச்சா ற. ஓதிப் படிச்ச பிள்ளதான நீ?"

ஸமீஹாவுக்கு அது தெரியாதா என்ன! அரபுத் தமிழில் பரீட்சை எழுதி முதலாவதாக வந்தவள். பாதிரியாரின் பிரதியில் அந்தப் புள்ளிகள் இல்லை. இல்லாததை யார் தேடுவார்கள்? அவள் புள்ளியோடு சேர்த்து வரியை வாசித்தாள்.

அதற்குள் பாத்து பாடவே தொடங்கிவிட்டாள். மேசையில் தாளம் தட்டிக்கொண்டு, களறிக் கறியே கண்முன் வா என்று அவள் எடுத்த எடுப்பில் அடுத்த வீட்டு ஜன்னல் ஒன்று திறந்தது.

"லாத்தா, களறின்னா என்ன?" என்று கேட்டாள் ஸமீஹா.

"களறின்னா களறிதான். கல்யாண விருந்து. களறிச் சாப்பாடு, களறிக் கறி. ஏன், ஒங்க மேலப்பாளையத்துல கல்யாணத்துக்குச் சோறு போடமாட்டாங்களா?"

"விருந்துன்னு சொல்லுவோம்."

"நாங்க களறின்னு சொல்லுவோம். சஹன் கொண்டாந்து வைப்பாங்க, பெரிய தட்டு. மூணு பேருக்கு ஒண்ணு. மூணு பேரும் சுத்தி உக்காந்துருவோம். மூடி போட்டுத்தான் வரும். பசியில உயிரு போகும். அப்பப் பாடுற பாட்டு இது. மூடியத் தொறங்கடி, மணம் வருதேன்னு." பாத்து நிறுத்தி, அவள் முகத்தைப் பார்த்தாள். "ஏம்மா இப்படி முழிக்கிற? நீ என்னன்னு நெனச்ச?"

ஸமீஹா சொன்னாள். போர்க்களம், யானை, நஃப்ஸு, மதநீர், ஜெர்மன் கவிஞர், நாற்பது கண்ணி எல்லாவற்றையும் சொன்னாள். பாத்து முதலில் மரியாதைக்குக் கேட்டுக்கொண்டிருந்தாள். மூன்று பேர் யானையைச் சுற்றி உட்கார்ந்திருக்கும் இடம் வந்ததும் தாங்கமுடியவில்லை. முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு, நாற்காலி ஆட ஆடச் சிரித்தாள்.

"ஆனை நமக்கு ஆகாதேம்மா! ஹலாலே இல்லையே!"

ஸமீஹாவும் சிரித்துவிட்டாள். சிரிக்காமல் இருக்க முடியுமா, அவளும் மனுஷிதானே. ஆனால் திரும்பி வரும் பேருந்தில், ஏரல் தாண்டுவதற்குள் அவள் இரண்டு தடவை சிரித்து மூன்று தடவை அழுதாள். நடத்துனர் சில்லறை கொடுக்க வந்து, அந்த முகத்தைப் பார்த்துவிட்டு, அவசரமாகக் கொடுத்துவிட்டுப் போனார்.

சொல்லாமல் இருந்துவிடலாம். யாருக்குத் தெரியப்போகிறது? ஆய்வேட்டை ஜெர்மனியில் இருந்த தேர்வாளர் பிரமாதம் என்று எழுதியனுப்பியிருந்தார். வியாழக்கிழமை ஒரு மணி நேரம் யானையை நடத்திக் காட்டினால் போதும், பட்டம் கைக்கு வந்துவிடும். சொன்னாலோ ஐந்து வருடம் போச்சு, ஜூன் மாத வேலை போச்சு. அதுகூடப் பரவாயில்லை என்று ஒரு நிமிடம் தோன்றியது. சார்? அவர் சொத்து என்று சேர்த்தது அந்த ஒரு புத்தகம். ஓய்வுக்கு இரண்டு மாதம் இருக்கும்போது, அவர் பெற்ற பிள்ளை மாதிரி வளர்த்த மாணவி போய், சார், உங்கள் யானை ஆட்டுக்கறி என்று சொல்வதா? அதை நினைத்தபோதுதான் அவள் மூன்றாவது தடவை அழுதது.

புதன்கிழமை காலையில் சொல்லிவிட்டாள். மனசில் ஒன்றை வைத்துக்கொண்டு வெளியே வேறொன்று பேசும் சாமர்த்தியம் அவளுக்குக் கிடையாது. அவள் குணம் அப்படி.

வேதநாயகம் கைபேசியை வாங்கிப் படத்தை இரண்டு விரலால் பெரிதாக்கினார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டு மறுபடியும் பெரிதாக்கினார்.

"படத்துல விழுந்த கோளாறா இருக்கும்."

"ஏட்டையே பாத்தேன் சார். மை வச்சு வச்ச புள்ளி."

"பொறவு யாராவது வச்சிருப்பாங்க."

"இருக்கலாம் சார்," என்றாள் ஸமீஹா. உண்மையில் அதுதான் அவளுக்கும் உறுத்தல். பாத்து வீட்டு ஏடு பாதிரியார் பிரதிக்கு அறுபது வருடம் பிந்தியது. பாடுகிற பெண்கள் தங்களுக்குத் தெரிந்த அர்த்தத்துக்குத் தோதாகப் பின்னால் புள்ளி வைத்திருக்கவும் கூடும்.

"அப்ப ஒண்ணும் முடிவா சொல்லமுடியாதுல்லா?"

"முடிவா சொல்லமுடியாது சார். ஆனா நீங்களும் அந்தப் பாட்ட ஒருதடவ அவங்க பாடிக் கேட்டா..."

"கேக்க வேண்டாம்." அவர் குரல் ஏறியது. மேசையில் இருந்த பித்தளை யானையை எடுத்து, காரணமே இல்லாமல், வேறு பக்கம் பார்க்கத் திருப்பி வைத்தார். பிறகு பைய சொன்னார். "நாளைக்கு ஆனையப் பத்தி மட்டும் பேசும்மா. கறியப் பத்தி நான் ரிட்டயர் ஆன பொறவு பேசிக்கிடலாம். ரெண்டு மாசந்தான்."

ஸமீஹா சரி என்று சொல்லாமலே கைபேசியை எடுத்துக்கொண்டு வெளியே வந்தாள். அவர் கதவைச் சாத்திக்கொண்டார். மத்தியானம் அவர் அலமாரிகளை எல்லாம் திறந்து காகிதங்களைத் தரையில் பரப்பிக்கொண்டு உட்கார்ந்திருப்பதாக அலுவலகத்தில் பேசிக்கொண்டார்கள். ஓய்வு பெறப்போகிறவர், அறையைக் காலி செய்கிறார் என்று அதற்குக் காரணமும் சொன்னார்கள்.

வியாழக்கிழமை கருத்தரங்கக் கூடம் நிறைந்துவிட்டது. தேர்வு முடிந்ததும் சாப்பாடு உண்டு என்றால் ஆராய்ச்சியில் ஆர்வம் தானாக வரும். வெளித் தேர்வாளராக வந்திருந்தவர் சித்ரலேகா, ஹைதராபாத்தில் ஜெர்மன் இலக்கியப் பேராசிரியை. சொந்த ஊர் நாங்குநேரி. சிரித்த முகம்தான், ஆனால் அவர் கேள்வி கேட்டால் பெரிய பெரிய ஆட்களுக்கே தண்ணீர் தவிக்கும் என்று பேர் வாங்கியவர். நெறியாளருக்கான நாற்காலியில் வேதநாயகம், மடியில் ஒரு காகித உறையோடு, யாரையும் பார்க்காமல் உட்கார்ந்திருந்தார்.

ஸமீஹா யானையைப் பற்றி நன்றாகவே பேசினாள். இருபது நிமிடம் ஒரு தடங்கலும் இல்லை. பாதிரியாரின் பிரதி திரையில் வந்தது. அந்த முதல் வரி வந்தது. புள்ளி இல்லாத அந்த 'ரே' இரண்டும் ஆளுயரத்துக்கு வந்து நின்றன. அவள் சாரைப் பார்த்தாள். அவர் நிமிரவில்லை.

"இந்த ரெண்டு எழுத்துக்கும் அடியில ஒவ்வொரு புள்ளி இருக்கணும்," என்றாள். "அப்படி இருந்தா இது களரிக் கரி இல்ல. களறிக் கறி. காயல்பட்டினத்துக் கல்யாண வீட்டு ஆட்டுக்கறி."

கூடத்தில் ஒரு ஆள் சிரித்தார். பிறகு எல்லாரும் சிரித்தார்கள். வேதநாயகத்தின் ஞாபகம் வந்ததும் எல்லாரும் சேர்ந்து நிறுத்திக்கொண்டார்கள்.

சித்ரலேகா மட்டும் சிரிக்கவில்லை. "அப்ப ரீட்லிங்கரோட கவித?" என்று கேட்டார்.

"கவித அப்படியே இருக்கும் மேடம். அது அவரு எழுதினது, அந்த ஆனை ஜெர்மன்ல பொறந்த ஆனை. இனிமே அத யாரும் சட்டிக்குள்ள திருப்பிப் போடமுடியாது." ஸமீஹாவுக்கு இப்போது பயம் விட்டுப்போயிருந்தது. "எனக்கு வேற ஒரு கேள்விதான். பாதிரியாருக்குத் தமிழ் தெரியும். கறின்னா என்னன்னு நிச்சயமா தெரியும். ஆனாலும் ஏன் தோணல? அரபு எழுத்துல, முஸ்லிம் பாட்டுல, ஞானத்தத் தவிர வேற எதுவும் இருக்காதுன்னு அவரு முடிவே பண்ணிட்டாரு. அங்க வாசிச்சவங்களும் அப்படித்தான் எதிர்பாத்தாங்க. இவங்களுக்கும் பசிக்கும், இவங்களும் மூடியத் தொறன்னு கேலியாப் பாடுவாங்கன்னு ஒருத்தருக்கும் தோணல. எனக்கும் தோணல மேடம். நான் வெள்ளிக்கிழம தவறாம கறி திங்கிறவ. எனக்கே தோணல."

"ஆதாரம்?"

"காயல்ல ஒரு ஏடு. பாடுற ஒரு அம்மா."

"ஏடு எந்தக் காலம்?"

ஸமீஹா உள்ளதைச் சொன்னாள். அறுபது வருடம் பிந்தியது. களறி என்ற சொல் பாதிரியார் காலத்திலேயே அங்கே விருந்தைக் குறித்தது என்பதற்குத் தன்னிடம் சாட்சி இல்லை.

சித்ரலேகா பேனாவை மூடி வைத்தார். அவர் முகத்தில் வருத்தம் தெரிந்தது. "நீங்க நேர்மையாப் பேசுறீங்க, எனக்குப் பிடிச்சிருக்கு. ஆனா நான் என்ன செய்யட்டும்? பழைய வாசிப்ப நீங்களே ஒடச்சிட்டீங்க. புதுசுக்கு ஆதாரம் பத்தாது. இத அப்படியே ஏத்துக்கிட முடியாது. ஆய்வேட்டத் திருத்தத்துக்குத் திருப்பித்தான் அனுப்பணும். ஒரு வருசமாவது ஆகும்."

ஒரு வருடம். ஜூன் மாத வேலை அத்தோடு போயிற்று. ஸமீஹா தலையை ஆட்டினாள். அழக்கூடாது என்று பல்லைக் கடித்துக்கொண்டு நின்றாள்.

"நான் ஒண்ணு சொல்லலாமா?"

வேதநாயகம் எழுந்து நின்றார். வாய்மொழித் தேர்வில் நெறியாளர் வாய் திறப்பது வழக்கமில்லை. தடுத்தால் மரியாதையாக இருக்காது என்று யாரும் தடுக்கவில்லை. அவர் உறையைப் பிரித்து, பழுப்பேறிய நகல் தாள் ஒன்றை எடுத்தார்.

"பாதிரியார் ஊருல இருந்த தன் தங்கச்சிக்கு எழுதின கடுதாசி. மொழிபெயர்ப்ப அனுப்பிச்சு ரெண்டு வருசம் கழிச்சு எழுதினது. தேதி போட்டிருக்கு. நான் ஜெர்மனியில இருந்து கொண்டாந்து முப்பத்திரண்டு வருசம் ஆகுது." முதலில் ஜெர்மனில் வாசித்தார். அதன் நடுவே களரி என்ற சொல் மட்டும் அப்படியே வந்தது. பிறகு தமிழில் சொன்னார். "'காயலில் ஒரு வணிகர் வீட்டுக் கல்யாணத்துக்கு என்னைக் களரிக்கு அழைத்தார்கள். வணிகரும் அவர் மருமகனும் நானும் ஒரே தட்டைச் சுற்றி உட்கார்ந்தோம். மூடியைத் திறந்தபோது எழுந்த மணத்தை, அன்புத் தங்கையே, என்னால் எழுதி அனுப்ப முடியவில்லை.'"

சித்ரலேகா கையை நீட்டித் தாளை வாங்கினார். ஒருமுறை வாசித்தார். தேதியை விரல் வைத்துப் பார்த்தார்.

"சார், இத ஒங்க புத்தகத்துல நான் பாக்கலையே."

"சேக்கல."

"ஏன் சார்?"

"சாப்பாட்டு விஷயம், ஆராய்ச்சிக்கு ஆகாதுன்னு ஒதுக்கி வச்சேன்," என்றார் வேதநாயகம். "பாதிரியார் சாப்பிட்டதுக்கு அப்புறமும் அந்தப் பாட்டோட சேத்துப் பாக்கல. நான் சாப்பிடாமலே சேத்துப் பாக்கல. நேத்து இந்தப் பிள்ள கிட்ட வாய மூடுன்னு சொல்லிட்டு, மத்தியானம் பூரா தேடி எடுத்தேன்."

சித்ரலேகா இப்போதுதான் சிரித்தார். "இது போதும்," என்று மூடி வைத்த பேனாவைத் திறந்து, அறிக்கையில் எழுதத் தொடங்கினார். பாதியில் நிறுத்தி, கொஞ்சம் தயங்கிக் கேட்டார். "ஒங்க புத்தகம் என்ன சார் ஆகும்?"

"போச்சு," என்றார் அவர்.

"மாணவியப் பத்தி நெறியாளர் என்ன சொல்லுதீங்க? அதையும் இங்க எழுதணும்."

வேதநாயகம் ஸமீஹாவைப் பார்த்தார். இரண்டு நாளில் அவர் அவளை நேராகப் பார்த்தது அப்போதுதான்.

"என் புத்தகத்துக்குப் பதினேழு மதிப்புரை வந்துச்சு மேடம். எல்லாரும் பாராட்டினாங்க. பாக்க வந்தவங்க எல்லாரும் ஆனை வாங்கிட்டு வந்தாங்க. முப்பத்தோரு வருசத்துல அத உண்மையிலயே வாசிச்சது இந்த ஒரு பிள்ளதான். பட்டத்தக் குடுங்க."

பல்லைக் கடித்துக்கொண்டு நின்ற ஸமீஹா, அதற்குமேல் முடியாமல், அத்தனை பேர் முன்னாலும் வாய்விட்டு அழுதாள்.